கடல் விலகிப்போன தெரு

சிங்கப்பூரின் தெலுக் ஆயர் தெருவில் 158-ஆம் எண் வாசல், தியன் ஹொக் கெங் என்ற சீனக் கோயிலுடையது. விவரம் தெரிந்த வழிகாட்டி என்றால், நடைக்கு வந்தவர்களை அந்த வாசலில் நிறுத்திக் கோயிலுக்கு முதுகைக் காட்டித் திரும்பச் சொல்வார். சாமிக்கு முதுகு காட்டுவதா என்று தயங்குகிறவர்களுக்குக் காரணம் கொஞ்ச நேரம் கழித்துத்தான் விளங்கும். எதிரே கூரைகளுக்கு மேல் கண்ணாடிக் கோபுரங்கள் நெட்டையாக நிற்கின்றன. மதியச் சாப்பாட்டுக்கு இறங்கி வந்த அலுவலகக் கூட்டம் கழுத்தில் அடையாள அட்டை ஆட நடக்கிறது. கோயில் கட்டி முடிந்த 1842-இல் இதே படியில் நின்று திரும்பிப் பார்த்தவருக்குத் தெரிந்தது கடல் மட்டும்தான்.

தெலுக் என்றால் மலாயில் விரிகுடா, ஆயர் என்றால் தண்ணீர். பெயரில் இருக்கும் கடலைத் தெருவில் தேட வேண்டுமானால் கதவு இலக்கங்களைப் பார்த்தால் போதும். ஃபுக் டக் சி கோயில் 76, யிங் ஃபோ ஃபுய் குன் 98, நாகூர் தர்கா 140, கெங் டெக் வே 150, தியன் ஹொக் கெங் 158, அல்-அப்ரார் பள்ளிவாசல் 192. பழைய வழிபாட்டிடங்களும் சங்க மனைகளும் எல்லாமே இரட்டைப்படை. கடற்கரைச் சாலைக்கு ஒரு பக்கம்தானே வீடு இருக்கும்? ஒற்றைப்படை இலக்கங்கள் நிற்கிற பக்கம் அப்போது தண்ணீராகக் கிடந்தது.

இந்தத் தெருவைப் பெருங்கூட்டமாக வந்து பார்ப்பது வீண் வேலை. நாற்பது பேர் கொடி பிடித்தவர் பின்னால் வந்தால் பாதிப் பேருக்குக் குடைதான் தெரியும். கடைவீடுகளின் முன்னால் ஓடுகிற மூடுநடையை சிங்கப்பூர், மலேசியத் தமிழர் ‘அஞ்சடி’ என்பார்கள். ஐந்தடி அகலம் என்பதால் வந்த பெயர். அதில் ஒதுங்கி நின்று கேட்க மூன்று நான்கு பேருக்குத்தான் இடம். அதனாலேயே ஒரு குடும்பத்துக்கு, இரண்டு நண்பர்களுக்கு என்று தனியாக அமர்த்திக்கொள்ளும் நடை இங்கே பொருந்துகிறது. காசு வாங்கிக்கொண்டு ஊரைச் சுற்றிக்காட்டுவதற்கு சிங்கப்பூரில் உரிமம் வேண்டும். உரிமம் வாங்கியவர்கள் பலரும் இந்தத் தெருவுக்கு ஒரே விளக்கத்தைச் சொல்வார்கள்: பல மதங்கள் தோளோடு தோள் நிற்கும் நல்லிணக்கத் தெரு. தவறென்று தள்ளிவிட முடியாது. ஆனால் இந்தக் கரையில் தெய்வங்களைப் பக்கத்துப் பக்கத்தில் உட்கார வைத்தது நல்லிணக்கம் என்று சொன்னால், அந்தக் காலத்து மாலுமி ஒருவனுக்குப் புரிந்திருக்காது. அவனுக்குத் தெரிந்தது பருவக்காற்று, கப்பல், கரை, பிறகு குடிநீர்.

ஸ்டாம்ஃபோர்டு ராஃபிள்ஸ் 1819 ஜனவரியில் தீவில் இறங்கினார். நான்கு ஆண்டு போவதற்குள் ஊர் தாறுமாறாக வளர்ந்துவிட்டதென்று எரிச்சலடைந்து, 1822-இன் இறுதியில் நகரக் குழு ஒன்றை அமைத்தார். பொறியாளர் லெப்டினன்ட் பிலிப் ஜாக்சன் வரைபடம் தீட்டினார். அதில் ஒவ்வொரு கூட்டத்துக்கும் ஒரு பாத்தி கட்டியிருந்தது: ஐரோப்பியருக்கு ஒரு நகரம், ஆற்றுக்குத் தென்மேற்கே சீனக் கம்பம் (மலாயில் கம்போங், அதாவது குடியிருப்பு), ஆற்றின் மேல்பகுதியில் சூலியா கம்பம், கிழக்கே சுல்தானுக்கும் அரபியருக்கும் புகிஸ் மக்களுக்கும் தனித்தனி நிலம். சீனரையும் மாகாணவாரியாகப் பிரித்து வைப்பது நல்லது என்பது அவர் எண்ணம். சூலியா என்று அந்த ஏடுகள் சொல்வது சோழமண்டலக் கரையிலிருந்து வந்தவர்களை, பெரும்பாலும் தமிழ் முஸ்லிம்களை.

தெலுக் ஆயர் கரை அந்தப் படத்தில் சீனக் கம்பத்துக்குள் விழுகிறது. மை காய்ந்த ஐந்தாறு ஆண்டுகளில் அங்கே என்ன நடந்தது என்பதைப் பார்த்தால் வேடிக்கையாக இருக்கும். 1826-இல் சவுத் பிரிட்ஜ் சாலையில் சூலியாக்கள் ஜாமியா பள்ளிவாசலுக்கு அடித்தளமிட்டார்கள். 1827-இல் அதே சாலையில் மாரியம்மன் கோயில் மரமும் அத்தாப்பு ஓலையுமாக எழுந்தது. அதே ஆண்டு தெலுக் ஆயர் கரையில் இன்னொரு பள்ளிவாசல். 1828 முதல் 1830-க்குள் நாகூர் தர்கா. சீனருக்கென்று ஒதுக்கிய நிலத்தின் நடுமார்பில் நான்கு தமிழ் வழிபாட்டிடங்கள்! படம் போடச் சொன்ன ராஃபிள்ஸ் 1823-இலேயே ஊரைவிட்டுப் போய்விட்டார்.

படத்துக்குக் கட்டுப்படாமல் போனதற்குப் பெரிய புரட்சி எதுவும் காரணமில்லை. வேலை எங்கேயோ அங்கேதான் மனிதன் படுப்பான். கப்பலிலிருந்து சரக்கை இறக்கிக் கரைசேர்க்கும் தொங்கான் படகுகளில் சூலியாக்கள் நிறைய இருந்தார்கள். ஆற்றுமுகமும் கடற்கரையும் அவர்கள் பிழைப்பு. வடகிழக்குக் காற்று அமோய் துறைமுகத்தின் ஜங்க் கப்பல்களை உந்திக்கொண்டு வந்து சேர்க்கும். அவை திரும்பிப் போக உதவுகிற தென்மேற்குக் காற்றில், வங்காள விரிகுடாவைத் தாண்டி நாகப்பட்டினத்துப் பக்கத்துக் கப்பல்கள் வரும். ஒரு கூட்டம் மூட்டை கட்டும்போது இன்னொரு கூட்டம் வந்து இறங்குகிற கரை அது.

வந்து இறங்கியவன் முதலில் செய்தது உயிரோடு சேர்ந்ததற்கு நன்றி சொல்வது. ஃபுஜியன் மாகாணத்து ஹொக்கியன் மக்களுக்கு அதற்கு மாசூ இருந்தாள். மெய்சோ தீவில் பிறந்த லின் குலத்துப் பெண் கடலோடிகளைக் காக்கும் தெய்வமானாள் என்பது அவர்கள் நம்பிக்கை. கரையில் சிறு குடிலாகத் தொடங்கிய வழிபாடு, 1839-க்கும் 1842-க்கும் இடையில் இன்று நிற்கும் கோயிலாக வளர்ந்தது. பெருங்கொடை கொடுத்தவர் டான் டொக் செங், மலாக்காவிலிருந்து வந்து காய்கறி விற்றுப் பணக்காரரானவர். அவர் பெயரில் இன்றும் பெரிய மருத்துவமனை இருக்கிறது. அம்மன் சிலை 1840-இல் சீனாவிலிருந்து கப்பலில் வந்து, ஊர்வலமாகக் கரையேறியது. கற்றூண்கள் சீனாவிலிருந்து வந்தன. இரும்புக் கிராதிகளோ கிளாஸ்கோவிலிருந்து! 1907-இல் சிங் வம்சத்துப் பேரரசர் குவாங்ஷு எழுத்துப் பலகை ஒன்றை அனுப்பிவைத்தார். தென்கடல்களில் அலை அடங்கியிருக்கட்டும் என்ற கருத்து அதில் இருக்கிறது. அப்போது கோயிலுக்கு எதிரே கடல் இல்லை. செய்தி பேரரசருக்குப் போய்ச் சேரவில்லை போலும்.

கூப்பிடு தூரத்தில் 140-ஆம் எண். தமிழ்நாட்டிலிருந்து வருகிறவர் யாராக இருந்தாலும் இங்கே கால் தரித்து நின்றுவிடுவார். நாகூர் ஷாகுல் ஹமீது ஆண்டவரின் பெயரில் ஒரு தர்கா, நாகூரிலிருந்து இத்தனை தூரத்தில். அடக்கத்தலம் நாகூரில்தான், இங்கே இருப்பது நினைவிடம். பினாங்கிலும் இப்படி ஒன்று உண்டு. கப்பல் போன வழியெல்லாம் நாகூராரும் போயிருக்கிறார். நடுக்கடலில் ஓட்டை விழுந்த கப்பலை, கரையில் சவரம் செய்துகொண்டிருந்தவர் கையிலிருந்த கண்ணாடியை வீசி அடைத்தார் என்று ஒரு கதை வழங்குகிறது. அந்தக் கதையைக் கேட்டு வளர்ந்தவன் வங்கக் கடலைத் தாண்டியதும் என்ன செய்வான்? 1827-இல் காதர்பிள்ளை என்பவருக்கு இந்த நிலம் வழங்கப்பட்டது. வேறெந்தக் காரியத்துக்கும் பயன்படுத்தக் கூடாது என்பது நிபந்தனை. கட்டடத்தின் மேற்பகுதியில் அடுக்கடுக்காக மினாராக்களின் சின்ன உருவம். கீழே ஐரோப்பியப் பாணித் தூண்கள். நாகூரில் தஞ்சை மராத்திய மன்னர் பிரதாப சிங் கட்டிக்கொடுத்த 131 அடி மனோராவை அண்ணாந்து பார்த்தவர்களுக்கு, இது அதைக் குழந்தைக்குச் செய்து கொடுத்த பொம்மை போலத் தோன்றும்.

மாசூவும் நாகூராரும் ஒரே வேலைக்காக இந்தக் கரையில் நியமிக்கப்பட்டவர்கள் என்று சொன்னால் இரண்டு பக்கத்துப் பக்தர்களும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள் என்று நம்பலாம்.

இன்னும் கொஞ்சம் தெற்கே, 192. அல்-அப்ரார் பள்ளிவாசல் என்று பலகை சொல்கிறது. பழையவர்கள் சொன்ன பெயர் குச்சுப் பள்ளி. குச்சு வீடு என்றால் ஓலைக் குடிசை என்று தென்மாவட்டத்துக்காரருக்கு விளக்க வேண்டியதில்லை. 1827-இல் குடிசையாக இருந்த பள்ளி, 1850-களில் செங்கல் கட்டடமாயிற்று. பெயர் மட்டும் குடிசையை விடவில்லை. சவுத் பிரிட்ஜ் சாலையில் இருக்கும் ஜாமியாவுக்குப் பெரிய பள்ளி என்று பெயர். பெரிய பள்ளி, குச்சுப் பள்ளி! ஊரில் தெருவுக்குத் தெரு வழங்குகிற இந்த இரண்டு சொற்களும் சீனக் கம்பத்துக்குள் போய் உட்கார்ந்து, இன்றைக்கு ஆங்கில நூல்களிலும் இடம்பிடித்திருக்கின்றன. ஜாமியாவில் இன்னொரு விஷயத்தையும் கவனிக்கலாம். அதன் முகப்பு தெருவின் கோட்டுக்கு நேராக நிற்கிறது. உள்ளே தொழுகைக்கூடம் மக்காவை நோக்கிச் சாய்ந்து திரும்பியிருக்கிறது. வாசல் நகராட்சிக்கு, உள்ளம் கிப்லாவுக்கு.

மாரியம்மன் மட்டும் ஏன் கடற்கரையில் இல்லை? அந்தக் கதையில்தான் தண்ணீர் வருகிறது. கோயிலை எழுப்பிய நாராயண பிள்ளை பினாங்கிலிருந்து 1819 மே மாதம் ராஃபிள்ஸோடு இந்தியானா கப்பலில் வந்தவர். தஞ்சோங் பகாரில் செங்கல் சூளை போட்டார், கட்டட ஒப்பந்தம் எடுத்தார், துணிக்கடை வைத்தார், தீயில் கடையை இழந்தார், மறுபடி எழுந்தார். கோயிலுக்கு என்று அவருக்கு முதலில் ஒதுக்கப்பட்ட இடம் தெலுக் ஆயர் தெருவில்தான் இருந்தது. பிள்ளை வேண்டாமென்றார். அபிஷேகத்துக்கும் தீர்த்தத்துக்கும் நல்ல தண்ணீர் அங்கே இல்லை. பெயரில் தண்ணீர் இருக்கும் தெருவில் அம்மனுக்கு ஒரு குடம் தண்ணீருக்கு வழியில்லை. இரண்டாவதாகக் காட்டிய இடமும் ஒத்துவரவில்லை. கடைசியில் 1823-இல் சவுத் பிரிட்ஜ் சாலை நிலம் கிடைத்தது. அங்கே நிறுவப்பட்ட சின்ன அம்மனைச் சுற்றி வளர்ந்த கோயிலுக்கு இன்று 1925-ஆம் ஆண்டின் ஆறு நிலைக் கோபுரம் இருக்கிறது. அந்தக் கோபுரத்தைப் பார்த்துத்தான் பக்கத்துத் தெரு பகோடா ஸ்திரீட் ஆனது. இன்னொரு பக்கம் டெம்பிள் ஸ்திரீட், பள்ளிவாசலுக்காக மாஸ்க் ஸ்திரீட். சைனாடவுனின் மூன்று புகழ்பெற்ற தெருப்பெயர்கள் தமிழர் கட்டிய கட்டடங்களிலிருந்து வந்தவை. அங்கே நினைவுப் பொருள் வாங்குகிறவர்களில் எத்தனை பேர் அதைக் கவனிக்கிறார்களோ.

தெருப்பெயர் என்றால் குறுக்கே போகும் கிராஸ் ஸ்திரீட்டையும் விட்டுவிடக் கூடாது. தமிழர் அதைப் பால்கடை சடக்கு, அதாவது பால்கடைச் சாலை என்றார்கள். மலாய்க்காரருக்கு அது கம்போங் சூசூ. சூசூ என்றால் பால். பால் கறந்து விற்றவர்கள் இந்தியர். வடக்கே மார்க்கெட் ஸ்திரீட்டில் செட்டியார்களின் கிட்டங்கிகள் வரிசையாக இருந்தன. தரையில் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வட்டிக்கணக்கு எழுதிய அந்தக் கூடங்கள் பிறகு இடிக்கப்பட்டு, இன்று அங்கே வங்கிக் கோபுரங்கள் நிற்கின்றன. தொழில் மாறவில்லை, உயரம்தான் மாறியிருக்கிறது. ஆற்றருகே கிளிங் ஸ்திரீட் என்று இருந்ததை, அந்தச் சொல் இழிவாகப் புழங்குகிறது என்று இந்தியர் எதிர்த்ததால், 1920-களின் தொடக்கத்தில் சூலியா ஸ்திரீட் என்று மாற்றினார்கள்.

இதுவரை கேட்டால் தேனும் பாலும் ஓடிய கரை போலிருக்கும். அப்படியில்லை. சீனாவிலிருந்து கப்பல் கூலியைக் கடனாகப் பெற்று வந்த புது ஆள்களை, முதலாளி வந்து கடனைக் கட்டி அழைத்துப்போகும்வரை அடைத்துவைத்த வீடுகள் இந்தச் சுற்றுவட்டாரத்தில் இருந்தன. கங்காணி முறையை அறிந்த தமிழருக்கு அந்த ஏற்பாடு புதிதாகத் தோன்றாது. அரசு தலையிட்டு, வில்லியம் பிக்கரிங் தலைமையில் சீனப் பாதுகாப்பு அலுவலகம் திறந்தது 1877-இல்தான். சண்டைகளும் மதங்களுக்கு இடையிலும் இனங்களுக்கு இடையிலும் மட்டும் வரவில்லை. 1854 மே மாதத்தில் ஹொக்கியனுக்கும் தியோச்சியூவுக்கும் மூண்ட கலவரம் பத்து நாளுக்கு மேல் நீடித்து, சில நூறு உயிர்களைக் குடித்தது. இருவரும் சீனர், இருவருக்கும் மாசூ தெய்வம். அரிசி வாங்கிய இடத்தில் எழுந்த வாய்த்தகராறு தொடக்கம் என்று சொல்லப்படுகிறது. 1888 பிப்ரவரியில் வந்த கலகத்துக்குக் காரணம் அஞ்சடி. பொதுவழியை அடைத்துக் கடை விரித்திருக்கிறார்கள் என்று நகராட்சி அகற்றப் புறப்பட்டது. கடைகள் அடைக்கப்பட்டன, டிராம் வண்டிகள்மேல் கல் விழுந்தது. மூன்று நாள் கழித்து அடங்கிய ஊரில் வியாபாரி அஞ்சடியை முழுதாக விட்டுக்கொடுத்ததாகத் தெரியவில்லை.

நல்லிணக்கம் என்ற சொல் இந்தத் தெருவுக்கு அதற்கெல்லாம் வெகு பிந்தி வந்தது. 1964 ஜூலை 21-இல் சிங்கப்பூரில் மலாய்க்காரருக்கும் சீனருக்கும் இடையே கலவரம் வெடித்தது. அந்தத் தேதியையே 1997 முதல் பள்ளிகள் இன நல்லிணக்க நாளாகக் கடைப்பிடிக்கின்றன. அந்தப் பாடத்துக்குப் படம் வேண்டியிருந்தபோது, தர்காவும் சீனக் கோயிலும் ஒரே சட்டத்தில் அடங்குகிற தெலுக் ஆயர் கைக்கு வாகாகக் கிடைத்தது. பாடம் தேவையானதுதான். ஆனால் படத்தில் இருக்கிற கட்டடங்கள் அந்தப் பாடத்துக்காகக் கட்டப்பட்டவையல்ல.

கடல் எப்போது போனது? 1879 வாக்கில் குன்றுகளை வெட்டிய மண்ணைக் கொட்டி விரிகுடாவைத் தூர்க்கத் தொடங்கினார்கள். பத்தாண்டுக்குள் சிசில் ஸ்திரீட், ராபின்சன் சாலை ஆகியவற்றுக்கு நிலம் பிறந்தது. கரையில் இருந்த எண்கோணச் சந்தை இதற்காக இடிக்கப்பட்டு, 1894-இல் புது நிலத்தில் திரும்ப எழுந்தது. நகராட்சிப் பொறியாளர் ஜேம்ஸ் மக்ரிச்சி வரைந்தது. வார்ப்பிரும்புத் தூண்கள் கிளாஸ்கோவில் வார்த்தவை. மாசூவின் வேலியும் மீன் சந்தையின் தூணும் ஒரே ஊர்ச் சரக்கு. அந்தச் சந்தைதான் லாவ் பா சாட், ஹொக்கியனில் பழைய சந்தை. பா சாட் என்பது மலாயின் பாசார், அது பாரசீகத்தின் பஜார். தமிழரும் அங்கே பாசாருக்குத்தான் போகிறார்கள். புதிய கரைப் பக்கத்தில், 1920-களின் நடுவில், ஒற்றைப்படை இலக்கத்தில் ஒரு தேவாலயம் எழுந்தது: 235, சீன மெதடிஸ்ட் தேவாலயம், உச்சியில் சீன மண்டபக் கூரையோடு. 1942-இல் ஜப்பானியர் குண்டு பொழிந்தபோது முந்நூறு பேர் வரை அங்கே ஒண்டியிருந்தார்கள்.

பிறகு வந்த மாற்றத்தை இரண்டு தேதிகளில் சொல்லிவிடலாம், இரண்டும் 1989. மார்ச்சில், வீடமைப்புக் கழகக் கட்டடங்களில் ஒரே இனத்தவர் குவிந்துவிடாமல் ஒவ்வொரு புளோக்கிலும் எந்த இனத்துக்கு எவ்வளவு என்று விகிதம் வகுத்தார்கள். ஜூலையில், தெலுக் ஆயர் உள்ளிட்ட சைனாடவுனைப் பாதுகாக்கப்பட்ட பகுதியாக அறிவித்தார்கள். ராஃபிள்ஸ் பிரித்து வைக்கப் படம் போட்டார். நூற்றறுபத்தேழு ஆண்டு கழித்து வந்த அரசு கலந்து வைக்கக் கணக்குப் போட்டது. கலந்து கிடந்த பழைய தெருவிலோ அதற்குள் குடியிருந்தவர்கள் பெரும்பாலும் கிளம்பிப் புறநகர் அடுக்குமாடிகளுக்குப் போயிருந்தார்கள். கட்டடம் காப்பாற்றப்பட்டது. கீழ்த்தளத்தில் இன்று காப்பிக்கடை, மதுக்கூடம், உடற்பயிற்சிக்கூடம். வெள்ளிக்கிழமை ஜும்மாவுக்குக் குச்சுப் பள்ளி நிரம்புகிறது; வருகிறவர்களில் நிறையப் பேர் சுற்றுப்புற அலுவலகங்களின் ஊழியர்கள். நாகூர் தர்கா 2011 முதல் இந்திய முஸ்லிம் மரபுடைமை நிலையம்.

மேக்ஸ்வெல் சாலைப் பக்கம் திரும்பினால் ஒரு பலகை: கடையநல்லூர் ஸ்திரீட். தென்காசிச் சீமையின் ஊர்ப்பெயர், சீன உணவங்காடிக்கு அருகில். அந்த ஊரார் தஞ்சோங் பகார் துறைமுகத்தை ஒட்டிக் குடியேறினார்கள். அவர்களுடைய முஸ்லிம் லீக் 1946-இல் தொடங்கியதுதான் உமறுப் புலவர் தமிழ்ப் பள்ளி. சிங்கப்பூரின் கடைசித் தமிழ்வழி உயர்நிலைப் பள்ளியாக இருந்து 1982-இல் மூடியது. சாதாரண நடைகளில் இந்தத் தெருவுக்கு யாரும் வருவதில்லை. தமிழர் தனியாக அமர்த்திக்கொண்ட வழிகாட்டி என்றால், கொஞ்சம் சுற்றினாலும் பரவாயில்லை என்று இங்கே கொண்டுவந்து நிறுத்துவது நல்லது.

கடலைத்தான் பார்க்கவேண்டும் என்று பிடிவாதம் பிடிக்கிறவர்களை அங்கிருந்து கிழக்கே கோபுரங்களுக்கு ஊடாக அழைத்துப்போகலாம். தண்ணீர் கண்ணில் படும், ஆனால் அது கடலில்லை. 2008-இல் மரீனா தடுப்பணையைக் கட்டி விரிகுடாவின் வாயை அடைத்தார்கள். உப்புநீர் வெளியேற, மழைநீர் தேங்கி, ஜங்க்குகளும் நாகப்பட்டினத்துக் கப்பல்களும் நங்கூரமிட்டுக் கிடந்த நீர்ப்பரப்பின் எஞ்சிய பகுதி இன்று ஊருக்குக் குடிநீர் தரும் நன்னீர்த்தேக்கம். நாராயண பிள்ளை தண்ணீரில்லை என்று திருப்பிக்கொடுத்த தெருவிலிருந்து அது கால்மணி நேர நடை.